ருக்மாபாய் பணியாத ஆணை

நீதிமன்ற ஆணையை வேண்டுமென்றே மீறுவதை 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 'சிவில் அவமதிப்பு' என்கிறது. ஆணைக்கு மதிப்பில்லாத இடத்தில் எளியவர்களுக்கு நீதியும் இல்லை. ஜீவனாம்சத் தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு மாதக்கணக்கில் அலையும் பெண்களுக்கு இது நன்றாகவே தெரியும். ஆனாலும் ஆணைக்குப் பணிவதைப் பற்றிப் பேச்சு வரும்போதெல்லாம் எனக்கு ருக்மாபாயின் நினைவு வருகிறது.

பம்பாயைச் சேர்ந்த அவருக்கு 11 வயதில் தாதாஜி பிகாஜியோடு திருமணம் நடந்தது. கணவர் வீட்டுக்கு அவர் போகவில்லை. தாயின் இரண்டாம் கணவரான மருத்துவர் சகாராம் அர்ஜுனின் வீட்டிலேயே வளர்ந்தார், படித்தார். மனைவியைத் தன்னோடு சேர்த்துவைக்கக் கோரி 1884இல் தாதாஜி வழக்குத் தொடுத்தார். விவரம் அறியாத வயதில் மணம் முடிக்கப்பட்ட பெண்ணை அவள் விருப்பத்துக்கு மாறாக அனுப்ப முடியாது என்று 1885இல் நீதிபதி பின்ஹே வழக்கைத் தள்ளுபடி செய்தார். மேல்முறையீட்டில் அந்தத் தீர்ப்பு நிற்கவில்லை. 1887 மார்ச்சில் நீதிபதி ஃபாரன் ஆணையிட்டார்: ஒரு மாதத்துக்குள் கணவரிடம் போக வேண்டும், இல்லையென்றால் ஆறு மாதச் சிறை.

சிறைக்கே போகிறேன் என்றார் ருக்மாபாய். அவர் ஓடி ஒளியவில்லை. ஆணையை ஏற்கமாட்டேன், அதற்கான தண்டனையை ஏற்கிறேன் என்று வெளிப்படையாக நின்றார். திலகர் போன்றவர்கள் அவரைக் கடுமையாக எதிர்த்தார்கள். பண்டித ரமாபாய் அவர் பக்கம் நின்றார்.

இந்த வழக்கில் என்னை உறுத்துவது ஓர் ஆண்டு. இத்தகைய ஆணைக்குப் பணியாதவரைச் சிறையிடும் முறையை இங்கிலாந்து 1884இலேயே கைவிட்டுவிட்டது. ஜார்ஜினா வெல்டன் என்ற பெண் தன் கணவருக்கு எதிராக அப்படியொரு ஆணை பெற்றிருந்தார். கணவர் சிறைக்குப் போகும் நிலை வந்ததும் நாடாளுமன்றம் சட்டத்தை மாற்றியது. அதே ஆண்டில்தான் தாதாஜி வழக்குத் தொடுத்தார். இந்தியாவின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்திலோ சிறை அப்படியே இருந்தது.

1888இல் தாதாஜி 2,000 ரூபாய் பெற்றுக்கொண்டு சமரசம் செய்தார். ருக்மாபாய் லண்டனில் மருத்துவம் படித்துத் திரும்பி, சூரத்திலும் ராஜ்கோட்டிலும் பணியாற்றினார். ஆணை ரத்தாகவில்லை, நிறைவேறவும் இல்லை. இவ்வகை ஆணைகளுக்கான சிறைத் தண்டனை இங்கே 1923இல்தான் நீங்கியது. சொத்து ஜப்தி இன்றும் இருக்கிறது. இந்து திருமணச் சட்டத்தின் 9ஆம் பிரிவை 1983இல் ஆந்திர உயர் நீதிமன்றம் செல்லாதென்றது. 1984இல் உச்ச நீதிமன்றம் செல்லும் என்றது.

பணத்தைக் கொடு, வீட்டை விடு என்று சொல்லும் ஆணைகள் உண்டு. ஒரு பெண்ணையே ஒப்படைக்கச் சொல்லும் ஆணையும் உண்டு. முதல் வகை நிறைவேற வேண்டும் என்று போராடும் நாம்தான் இரண்டாம் வகை சட்டப் புத்தகத்திலேயே இருக்கக் கூடாது என்றும் கேட்க வேண்டியிருக்கிறது. இந்த இரண்டிலும் முரண் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.