பர்மா உளுந்து: விடுதலை பெற்ற பயிரும் ஒற்றை வாடிக்கையாளரும்

மியான்மர் சமையலறையில் உளுந்துக்குப் பெரிய இடம் இல்லை. அந்நாட்டு மக்கள் காலையில் நான் ரொட்டியோடு வேகவைத்த முளைப்பயறு உண்பார்கள். ஷான் மாநிலத்தார் கொண்டைக்கடலை மாவில் தோஃபு செய்வார்கள். ஆனால் அந்த நாட்டு வயல்களில் ஆண்டுதோறும் பல லட்சம் டன் உளுந்து விளைகிறது. அது பெரும்பாலும் கப்பலேறி இந்தியாவுக்கு, அதிலும் குறிப்பாகச் சென்னைத் துறைமுகத்துக்கு வருகிறது. துவரையின் கதையும் ஏறக்குறைய இதுவே. தான் உண்ணாத ஒன்றை, ஒரே ஒரு நாட்டுக்காக இவ்வளவு பெரிய அளவில் ஒரு வேளாண் நாடு பயிரிட நேர்ந்தது எப்படி? விடை கடந்த நூறாண்டு பர்மிய வரலாற்றில் இருக்கிறது. அரசின் கட்டாயக் கொள்முதலிலிருந்து முதலில் தப்பிய பயிர் பயறுதான். தப்பிய பின் அது இன்னொரு அரசின் அறிவிப்புகளுக்குள் சிக்கியது என்பதே இக்கட்டுரை காணும் முடிவு.

ஆங்கிலேயர் காலத்தில் பர்மா என்றால் அரிசி. 1869இல் சூயஸ் கால்வாய் திறந்த பிறகு ஐராவதி டெல்டாவின் சதுப்புகள் நெல்வயல்களாயின. இரண்டாம் உலகப் போருக்கு முந்தைய ஆண்டுகளில் உலகிலேயே அதிக அரிசி ஏற்றுமதி செய்த நாடு அதுதான். ஆண்டுக்குச் சுமார் 30 லட்சம் டன் வெளியேறியது. அந்த நெல்லுக்குக் கடன் கொடுத்தவர்கள் செட்டிநாட்டு நகரத்தார். 1930களின் பெருமந்தத்தில் கடன்கள் திரும்பாமல் போக, கீழ் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் கால்பங்கு நிலம் 1937-38இல் அவர்கள் கைக்கு வந்து சேர்ந்தது. இந்த அரிசி வரலாற்றின் நிழலில் பயறு ஒரு சிறு வணிகமாக நடந்தது. மாண்டலே, மாக்வே, சகாயிங் அடங்கிய நடு பர்மாவின் வறண்ட மண்டலத்தில் விளைந்த துவரையும் கடலையும் கல்கத்தாவுக்கும் சென்னைக்கும் போயின. நாம் டபுள் பீன்ஸ் என்று அறியும் லைமா இனம் ‘ரங்கூன் பீன்ஸ்’ என்ற பெயரில் ஐரோப்பாவுக்குப் போனது. அதில் சயனைடை வெளியிடும் சேர்மம் இருந்ததால் அங்குள்ள வேதியியலாளர்கள் அதை நெடுங்காலம் சோதித்துக்கொண்டிருந்தார்கள்.

1962 மார்ச் 2இல் ஜெனரல் நே வின் ஆட்சியைப் பிடித்தார். அடுத்த இரண்டு ஆண்டுகளில் மொத்த வணிகமும் சில்லறை வணிகமும் அரசுடைமையாயின. தலைமுறைகளாகக் கடை வைத்திருந்த இந்திய வம்சாவளியினர் லட்சக்கணக்கில் வெளியேறினர். சென்னையின் பர்மா பஜாரும் தமிழகத்து ஊர்களில் இன்றும் உள்ள பர்மா காலனிகளும் அந்தப் பெயர்வின் தடங்கள். தானியத்தை வாங்கவும் விற்கவும் ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குக் கொண்டுபோகவும் அரசுக்கு மட்டுமே உரிமை என்றானது. சந்தை விலைக்கு வெகு கீழே கொள்முதல் விலை நிர்ணயிக்கப்பட்டது. விற்று லாபம் பார்க்க முடியாத பயிரை எந்த விவசாயியும் விரித்துப் பயிரிட மாட்டார். உலகின் அரிசிக் களஞ்சியம் கால் நூற்றாண்டில் ஏற்றுமதிச் சந்தையின் ஓரத்துக்குப் போனது. பயறு ஏற்றுமதியும் ஏறக்குறைய மறைந்தே போனது.

திருப்பம் 1987இல் வந்தது. அவ்வாண்டு செப்டம்பர் தொடக்கத்தில் நெல், பயறு உள்ளிட்ட விளைபொருள்களின் உள்நாட்டு வணிகத்துக்கு இருந்த தடைகளை அரசு நீக்கியது. சில நாள்களிலேயே 25, 35, 75 கியாட் நோட்டுகள் செல்லாது என்றும் அறிவித்தது. ஒரு கையால் சந்தையைத் திறந்த அரசு, மறு கையால் மக்களின் சேமிப்பை அழித்தது. மறு ஆண்டு நாடு தழுவிய எழுச்சி, ஒடுக்குமுறை, புதிய ராணுவக் குழுவின் ஆட்சி. அந்தப் புதிய ஆட்சி கையில் அந்நியச் செலாவணி இல்லாமல் தவித்தது. அரிசியைத் தனியாரிடம் விட அதற்குத் துணிவில்லை. அரிசி விலை ஏறினால் நகரங்கள் மீண்டும் கொதிக்கும் என்ற அச்சம் இருந்தது. ஆகவே நெல்லுக்குக் கட்டாயக் கொள்முதல் திரும்பியது. அது 2003 வரை நீடித்தது. பயறு விலை ஏறினால் நகர மக்கள் வயிற்றில் அடி விழாது. எனவே பயறு ஏற்றுமதி தனியாருக்குத் திறந்துவிடப்பட்டது.

இந்தப் பாகுபாடுதான் பின்னால் நடந்த அனைத்துக்கும் வேர். விவசாயி மழைக்காலத்தில் அரசு சொன்னபடி நெல் நட்டார். பனிக்காலத்தில் தன் விருப்பப்படி பயறு விதைத்தார். 1992 முதல் கோடை நெல்லைப் பரப்ப அரசு முனைந்தபோதும், தண்ணீரும் டீசலும் கேட்கும் நெல்லைவிட எஞ்சிய ஈரத்திலேயே விளையும் பயறைத்தான் பல கிராமங்கள் விரும்பின. பகோ, ஐராவதி, யாங்கூன் பகுதிகளில் நவம்பர், டிசம்பரில் நெல் அறுவடை முடிந்ததும் உளுந்து தெளிக்கப்படும். பிப்ரவரி முதல் ஏப்ரலுக்குள் காய் முற்றிவிடும். காவிரிப் படுகையில் சம்பா, தாளடி அறுப்புக்கு முன்பே ஈர வயலில் உளுந்து தெளிக்கும் வழக்கத்தை அறிந்த தஞ்சை விவசாயிக்கு இந்த முறையைப் புதிதாக விளக்க வேண்டியதில்லை. துவரை வேறு வகை. வறண்ட மண்டலத்தில் மே, ஜூனில் விதைத்து, எள்ளோடோ பருத்தியோடோ ஊடுபயிராக வளர்த்து, அடுத்த ஆண்டுத் தொடக்கத்தில் அறுப்பார்கள். விதைப்புக்கும் அறுப்புக்கும் இடையே ஏழெட்டு மாதம்.

விரிவின் வேகம் வியப்பூட்டுவது. 1980களின் இறுதியில் 10 லட்சம் ஹெக்டேருக்கும் குறைவாக இருந்த பயறுப் பரப்பு, அரசுக் கணக்குப்படி இருபது ஆண்டுகளில் 40 லட்சம் ஹெக்டேரைத் தாண்டியது. சில ஆயிரம் டன்னில் தொடங்கிய ஏற்றுமதி 2000களின் தொடக்கத்தில் 10 லட்சம் டன்னை எட்டியது. ராணுவ ஆட்சியின் புள்ளிவிவரங்களை அப்படியே நம்ப முடியாது என்பது ஆய்வாளர்கள் பலரின் கருத்து. ஆனால் இந்தியத் துறைமுகங்களில் இறங்கிய சரக்கே போக்கை உறுதி செய்கிறது. விதை ஆராய்ச்சி, உர மானியம், வங்கிக் கடன் என்று அரசு பெரிதாக எதையும் செய்யாத பயிரில் இது நடந்தது. ஒதுங்கி நின்றதுதான் அரசு செய்த பெரிய உதவி.

இன்னொரு காரணமும் உண்டு. அது வயலில் அல்ல, வங்கியில் இருந்தது. அன்று டாலருக்கு அதிகாரபூர்வ மாற்று விகிதம் சுமார் 6 கியாட். வெளிச்சந்தையில் அது நூற்றுக்கணக்கில் ஏறி, பிறகு ஆயிரத்தைத் தொட்டது. 1990களின் பிற்பகுதியில் ஏற்றுமதி செய்து டாலர் ஈட்டியவருக்கே இறக்குமதி உரிமம் என்ற விதி வந்தது. பாமாயிலோ வாகனமோ இறக்குமதி செய்ய விரும்பியவருக்கு முதலில் டாலர் வேண்டும். டாலருக்குப் பயறு வேண்டும். பயறில் சிறிது நட்டம் வந்தாலும் இறக்குமதியில் ஈடுகட்டலாம் என்று கணக்கிட்டு வாங்கியவர்களும் இருந்தார்கள். அரசு ஏற்றுமதி வருவாயில் 10 விழுக்காட்டை வரியாக எடுத்தது. 2011இல்தான் வரி தளர்ந்தது. 2012 ஏப்ரலில் கியாட் சந்தை விகிதத்துக்கு விடப்பட்டது.

பலன் யாருக்குப் போனது? ஜப்பானிய ஆய்வாளர் இக்குகோ ஓகமோட்டோ யாங்கூனுக்குக் கிழக்கே உள்ள தொங்வா வட்டாரத்தில் பச்சைப்பயறு பரவியதை ஆராய்ந்து 2008இல் நூலாக வெளியிட்டார். நிலம் உள்ள விவசாயிகளும் வணிகர்களும் வளர்ந்தார்கள். நிலமற்ற கூலிகளுக்கு வேலைநாள் கூடிய அளவுக்கு வாழ்வு உயரவில்லை என்பது அவருடைய முடிவின் சாரம். பச்சைப்பயறு ஒரே நேரத்தில் முற்றாது. இரண்டு மூன்று முறை கையால் பறிக்க வேண்டும். அந்தக் குனிந்த வேலையைப் பெரும்பாலும் செய்பவர்கள் பெண்கள். சந்தை திறப்பை ஒட்டுமொத்த வெற்றியாகக் கொண்டாடும் கணக்குகளில் இவர்கள் இடம்பெறுவதில்லை.

கிராமத்தில் வாங்கும் சிறு வியாபாரியிடமிருந்து வட்டாரத் தரகருக்கும், அவரிடமிருந்து மாண்டலே சந்தைக்கோ யாங்கூனின் பயின்னவுங் மொத்தச் சந்தைக்கோ பயறு போகிறது. அங்கே உள்ளூர் அளவு வீசை, சுமார் 1.6 கிலோ, ஏற்றுமதியாளர் பேசுவது டன். சுத்தம் செய்து, தரம் பிரித்து, மூட்டை கட்டிக் கன்டெய்னரில் ஏற்றுவார்கள். உளுந்தில் எஃப்.ஏ.க்யூ., எஸ்.க்யூ. என்று இரு தரம். பெருமணியான எஸ்.க்யூ. ரகத்தைத் தென்னிந்திய ஆலைகள் விரும்புகின்றன. தோல் நீக்கிய முழு உளுந்து இட்லி மாவுக்கு அதுவே தோது. விருதுநகர்ச் சந்தையிலும் மதுரை அப்பளத் தொழிலிலும் பர்மா உளுந்து விலை என்பது அன்றாடப் பேச்சு. மும்பையிலும் டெல்லியிலும்கூட இந்தச் சரக்கின் இறக்குமதி விலையைச் சென்னையை வைத்தே சொல்கிறார்கள். பணம் மட்டும் நேராகப் போனதில்லை. இரு நாட்டு வங்கிகளுக்கிடையே நேரடித் தொடர்பு மெலிந்திருந்ததால் சிங்கப்பூர் நிறுவனங்கள் நடுவில் நின்று டாலரில் கணக்கு முடித்தன. பயறும் முழுமணியாகவே ஏற்றப்படுகிறது. தோல் நீக்குவதும் உடைப்பதும் பாலிஷ் போடுவதும் இந்திய ஆலைகளின் வேலை. மதிப்பு கூடும் அந்த வேலை மியான்மருக்குக் கிடைக்கவே இல்லை.

ஒரே வாடிக்கையாளரை நம்பிய வணிகத்தின் விலை 2017இல் தெரிந்தது.

2015இல் இந்தியாவில் துவரம் பருப்பு கிலோ 200 ரூபாயைத் தொட்டது. வறட்சியும் குறைந்த விளைச்சலும் காரணம். இந்திய அரசு இறக்குமதியை ஊக்குவித்தது. 2016இல் மொசாம்பிக்குடன் துவரைக்கு ஒப்பந்தம் போட்டது. உள்நாட்டு ஆதரவு விலையையும் உயர்த்தியது. விலையைக் கண்டு இந்திய விவசாயிகளும் பர்மிய விவசாயிகளும் ஒரே நேரத்தில் பரப்பைக் கூட்டினார்கள். 2015-16இல் சுமார் 163 லட்சம் டன்னாக இருந்த இந்தியப் பயறு உற்பத்தி மறு ஆண்டே 230 லட்சம் டன் அளவுக்குத் தாவியது. அதே ஆண்டில் 66 லட்சம் டன் இறக்குமதியும் வந்து குவிந்தது. விலை சரிந்தது. இந்திய விவசாயியைக் காப்பதற்காக 2017 ஆகஸ்ட் 5இல் துவரை இறக்குமதிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் டன் என்று வரம்பு வந்தது; அதே மாதம் 21இல் உளுந்துக்கும் பச்சைப்பயறுக்கும் சேர்த்து 3 லட்சம் டன் என்று வரம்பு வந்தது.

ஆகஸ்டில் மாக்வேயிலும் சகாயிங்கிலும் துவரை முழங்கால் உயரம் வளர்ந்து நின்றது. அதைப் பிடுங்கி வேறு பயிர் வைக்க முடியாது. கிடங்குகளில் முந்தைய பருவத்து உளுந்து தேங்கியிருந்தது. யாங்கூன் விலை முந்தைய உச்சத்தில் பாதிக்கும் கீழே விழுந்தது. உள்நாட்டில் உண்பாரில்லாத பயறுக்கு மாற்றுச் சந்தை இல்லை. இந்தியாவின் முடிவில் நியாயம் இல்லாமல் இல்லை. தன் விவசாயிக்குக் குறைந்தபட்ச விலை தரும் கடமை எந்த அரசுக்கும் உண்டு. ஆனால் அறிவிப்பு வந்த காலம் கொடியது. பச்சைப்பயறு பயிரிட்டவர்கள் ஓரளவு தப்பினார்கள். சீனாவும் ஐரோப்பாவும் தென்கிழக்காசிய நாடுகளும் அதை வாங்குகின்றன. பல வாங்குவோர் உள்ள பயறும் ஒற்றை வாங்குவோர் உள்ள பயறும் நெருக்கடியில் எப்படி வேறுபடும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை.

பிறகு காற்று மறுபடி திரும்பியது. இந்தியாவில் உளுந்து விளைச்சல் மழையில் அடிபட்டு விலை ஏற, 2021 மே 15இல் மூன்று பயறுகளின் இறக்குமதியும் தடையற்றதாக்கப்பட்டது. அவ்வாண்டு ஜூனில் கையெழுத்தான ஒப்பந்தம், ஐந்து ஆண்டுகளுக்கு ஆண்டுதோறும் 2.5 லட்சம் டன் உளுந்தும் 1 லட்சம் டன் துவரையும் மியான்மரிலிருந்து தனியார் வழியே வாங்க உறுதி தந்தது. அதற்குள் மியான்மரில் 2021 பிப்ரவரி 1இன் ராணுவக் கவிழ்ப்பு நடந்துவிட்டது. துவரை விளையும் சகாயிங்கும் மாக்வேயும் போர்க்களங்களாயின. 2022இல் ஏற்றுமதி டாலரை அரசு விகிதத்தில் மாற்ற வேண்டும் என்ற ஆணை வந்தது. ஆகஸ்டிலிருந்து அந்த விகிதம் டாலருக்கு 2,100 கியாட். வெளிச்சந்தை விகிதம் அதைத் தாண்டி வெகு தூரம் போனது. அந்த இடைவெளியின் நட்டத்தை ஏற்றுமதியாளர் கொள்முதல் விலையில் கழித்தார். கடைசியில் தாங்கியவர் விவசாயி. டாலர் தட்டுப்பாட்டுக்கு வழியாக 2024 ஜனவரியில் ரூபாயில் நேரடியாகப் பணம் செலுத்தும் ஏற்பாடு தொடங்கியது.

இப்போது போட்டியும் வந்திருக்கிறது. துவரைக்கு மொசாம்பிக், தான்சானியா, மலாவி, உளுந்துக்குப் பிரேசில். இந்தியாவும் 2025இல் துவரை, உளுந்து, மசூர் மூன்றிலும் தன்னிறைவு பெறும் ஆறு ஆண்டுத் திட்டத்தை அறிவித்திருக்கிறது. இதற்கிடையில் உளுந்து, துவரைக்கான வரியில்லா இறக்குமதி ஆண்டுக்கு ஆண்டு நீட்டிக்கப்படுகிறது. நீட்டிப்பு சில வேளைகளில் கெடு முடிய ஓரிரு வாரங்களே இருக்கும்போது வருகிறது. துவரை வயலில் நிற்பது ஏழெட்டு மாதம்.

இந்திய அரசு தன் விவசாயிக்காக வரம்பு விதிக்கட்டும், வரி போடட்டும். அது அதன் உரிமை. ஆனால் துவரைக்கான அறிவிப்பை மே மாத விதைப்புக்கு முன்பும், உளுந்துக்கான அறிவிப்பை நவம்பருக்கு முன்பும் வெளியிட்டு, அந்தப் பருவம் முடியும்வரை மாற்றாமல் இருக்க வேண்டும். நம் இட்லிக்கு உளுந்து தரும் பகோ விவசாயிக்கும், அதே உளுந்தோடு விலைப் போட்டியில் நிற்கும் தஞ்சை விவசாயிக்கும் அது ஒருசேர உதவும். அதற்குத் தேவையானது ஒரு நாள்காட்டி மட்டுமே.