திருவள்ளுவர் ஆண்டு

திருவள்ளுவர் ஆண்டு என்பது திருவள்ளுவர் கி.மு. 31இல் பிறந்தார் என்று கொண்டு, அதனை முதலாண்டாக வைத்துக் கணக்கிடப்படும் தமிழ்த் தொடர் ஆண்டு முறை ஆகும். இது நீண்ட காலப் புழக்கத்தில் தானாக உருவானது அன்று. 20ஆம் நூற்றாண்டில் தமிழறிஞர்களால் திட்டமிட்டு வகுக்கப்பட்டது. தமிழ்நாடு அரசின் ஆணைகள், தமிழ் நாட்காட்டிகள், அழைப்பிதழ்கள் முதலியவற்றில் இவ்வாண்டு குறிக்கப்படுகிறது.

பின்னணி

தமிழகத்தில் வழங்கிவரும் ஆண்டுகள் பிரபவ முதல் அட்சய ஈறாக அறுபது பெயர்களைக் கொண்டவை. இவை சுழற்சி முறையில் மீண்டும் மீண்டும் வருகின்றன. வியாழன் கோள் இராசி மண்டலத்தை ஒருமுறை சுற்றிவர ஏறத்தாழ 12 ஆண்டுகள் ஆகும். ஐந்து சுற்றுகள் சேர்ந்து அறுபது ஆண்டுகள் ஆகின்றன. செங்கல்பட்டு மாவட்டம் திருக்கழுக்குன்றத்துச் சங்கு தீர்த்தத்தில் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை நடைபெறும் புட்கர விழாவும் வியாழன் கன்னி இராசியில் நுழைவதை ஒட்டியதே.

இம்முறையில் வரலாற்றுக் காலத்தைத் துல்லியமாகக் குறிக்க இயலாது. சான்றாக, "பிரபவ" என்பது 1927இல் தொடங்கிய ஆண்டையும் குறிக்கும். 1987இல் தொடங்கிய ஆண்டையும் குறிக்கும். ஒரு நூலிலோ ஓலையிலோ ஆண்டின் பெயர் மட்டும் இருந்தால் அது எந்தச் சுற்றைச் சேர்ந்தது என்பதை வேறு சான்றுகளைக் கொண்டே அறிய வேண்டும். மேலும் அறுபது பெயர்களும் வடமொழிப் பெயர்கள். கலி, சக ஆண்டுகள் தொடர் ஆண்டுகளே எனினும் அவை தமிழுக்கு உரியன அல்ல என்ற கருத்தும் தனித்தமிழ் இயக்கத்தாரிடம் நிலவியது.

தோற்றம்

இவ்வாண்டு முறையுடன் முதன்மையாக இணைத்துப் பேசப்படுபவர் மறைமலை அடிகள் (1876-1950). நாகப்பட்டினத்தில் பிறந்த இவரது இயற்பெயர் வேதாசலம். 1916இல் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கிய இவர் பல்லாவரத்தில் வாழ்ந்தார். 1921இல் சென்னைப் பச்சையப்பன் கல்லூரியில் அறிஞர்கள் கூடி இம்முடிவை எடுத்தனர் என்று பல நூல்கள் கூறுகின்றன; 1935ஆம் ஆண்டுத் திருவள்ளுவர் திருநாள் விழாவை இதன் தொடக்கமாகக் கொள்வோரும் உளர்.

கூடுவாஞ்சேரிக்கும் செங்கல்பட்டுக்கும் இடையே உருவாக்கப்பட்ட துணை நகரமான மறைமலை நகர் இவரது பெயரையே தாங்கியுள்ளது.

கணிக்கும் முறை

ஆங்கில ஆண்டுடன் 31ஐக் கூட்டினால் திருவள்ளுவர் ஆண்டு கிடைக்கும்.

கி.மு. 31 = தி.ஆ. 1
கி.பி. 1 = தி.ஆ. 32
கி.பி. 1950 = தி.ஆ. 1981
கி.பி. 2000 = தி.ஆ. 2031
கி.பி. 2025 = தி.ஆ. 2056

தை முதல் நாளே ஆண்டின் தொடக்கமாகக் கொள்ளப்படுவதால், சனவரி 1 முதல் பொங்கலுக்கு முந்தைய நாள் வரையிலான நாட்களுக்கு 30ஐ மட்டுமே கூட்ட வேண்டும். தை இரண்டாம் நாள் திருவள்ளுவர் நாளாகக் கொண்டாடப்படுகிறது.

மாதங்களின் நீளத்தில் மாற்றம் எதுவும் இல்லை. அவை வழக்கம்போல் ஞாயிறு ஒவ்வோர் இராசியிலும் நுழைவதைக் கொண்டே அமைகின்றன. தனித்தமிழ் ஆர்வலர்கள் சிலர் மாதங்களுக்கு இராசிகளின் தமிழ்ப் பெயர்களை வழங்குகின்றனர். அவை தை முதலாக முறையே சுறவம், கும்பம், மீனம், மேழம், விடை, ஆடவை, கடகம், மடங்கல், கன்னி, துலை, நளி, சிலை என்பனவாகும். எனினும் பொது வழக்கில் தை, மாசி என்னும் பெயர்களே நிலைத்துள்ளன.

அரசு ஏற்பு

தமிழ்நாடு அரசு திருவள்ளுவர் ஆண்டை 1971 முதல் அரசு நாட்குறிப்பிலும், 1972 முதல் அரசிதழிலும், 1981 முதல் அனைத்து அலுவல்களிலும் பின்பற்றி வருகிறது. ஆனால் அறுபதாண்டுப் பெயர் கைவிடப்படவில்லை. அரசாணைகளில் ஆங்கில நாளுடன் இரண்டும் சேர்த்தே குறிக்கப்படுகின்றன. 2024 மே மாதத்து ஆணை ஒன்றில் "குரோதி" என்ற பெயரும் "திருவள்ளுவர் ஆண்டு 2055" என்பதும் அருகருகே இடம்பெறும்.

புத்தாண்டுச் சட்டம்

தொடர் ஆண்டு ஏற்கப்பட்ட பின்னரும், ஆண்டு தொடங்குவது தையிலா சித்திரையிலா என்ற கேள்வி நீடித்தது. பாரதிதாசன் முதலியோர் தை முதல் நாளையே தமிழ்ப் புத்தாண்டாகக் கொண்டனர். 2008 சனவரியில் மு. கருணாநிதி தலைமையிலான அரசு தை முதல் நாளைத் தமிழ்ப் புத்தாண்டாக அறிவிக்கும் சட்டத்தை நிறைவேற்றியது. 2011 ஆகத்தில் ஜெ. ஜெயலலிதா தலைமையிலான அரசு அச்சட்டத்தை நீக்கி, சித்திரை முதல் நாளை மீண்டும் புத்தாண்டாக்கியது. இதனால் திருவள்ளுவர் ஆண்டின் எண் தையிலும், அறுபதாண்டுப் பெயர் சித்திரையிலும் மாறும் நிலை தொடர்கிறது.

தை ஆதரவாளர்கள் உழவர் அறுவடையையும் ஞாயிற்றின் வடசெலவுத் தொடக்கத்தையும் காரணமாகக் காட்டுவர். சித்திரை ஆதரவாளர்கள் ஞாயிறு முதல் இராசியான மேடத்தில் நுழைவதையும் நெடுங்கால மக்கள் வழக்கத்தையும் காட்டுவர். வானியல் நோக்கில், புவி அச்சின் மெதுவான அசைவினால் இரு நாட்களுமே தத்தம் பருவப் புள்ளியிலிருந்து மூன்று வாரங்களுக்கு மேல் விலகியுள்ளன. உண்மையான வடசெலவு திசம்பர் 21 அல்லது 22இலும், இளவேனிற் சம இரவு நாள் மார்ச்சு 20 அல்லது 21இலும் நிகழ்கின்றன.

விமர்சனங்கள்

திருவள்ளுவரின் காலம் குறித்து அறிஞரிடையே ஒத்த கருத்து இல்லை. ச. வையாபுரிப் பிள்ளை, கமில் சுவெலபில் போன்றோர் திருக்குறளைச் சில நூற்றாண்டுகள் பிற்பட்டதாகக் கருதினர். எனவே கி.மு. 31 என்பது நிறுவப்பட்ட பிறந்த ஆண்டு அன்று. கணக்கிடுவதற்காக ஏற்றுக்கொள்ளப்பட்ட ஆண்டு எனலாம். ஆயினும் தொடர் ஆண்டு ஒன்றின் பயன் அதன் தொடக்கப் புள்ளியின் வரலாற்றுத் துல்லியத்தைச் சார்ந்ததன்று. இயேசு கிறித்து கி.பி. 1க்குச் சில ஆண்டுகள் முன்னரே பிறந்திருக்க வேண்டும் என்று ஆய்வாளர் பலர் கருதினும், அக்கணக்கு உலகெங்கும் வழங்குவது இதற்குச் சான்றாகும்.

இவற்றையும் பார்க்கவும்

தமிழ் நாட்காட்டி
கொல்லம் ஆண்டு
இந்திய தேசிய நாட்காட்டி
மறைமலை அடிகள்