கூடத்து வெளிச்சம்: பாலு மகேந்திராவின் ஒளிப்பதிவும் சின்னத்திரையும்

பாலு மகேந்திராவைப் பற்றிய எழுத்துகள் பெரும்பாலும் ‘மூன்றாம் பிறை’யையும் (1982) ‘வீடு’வையும் (1988) சுற்றியே வருகின்றன. 1999-2000 காலத்தில் சன் தொலைக்காட்சிக்காக அவர் எடுத்த ‘கதை நேரம்’, பட வாய்ப்புக் குறைந்த ஒருவரின் பிழைப்பு என்ற தோரணையில் ஓரிரு வரிகளில் முடிந்துவிடுகிறது. இது பிழையான கணிப்பு. அவர் கைக்கொண்ட ஒளிப்பதிவு முறையே அவரைச் சின்னத்திரைக்கு ஏற்றவராக ஆக்கியது என்பதும், அங்கேதான் அம்முறை கடுமையாகச் சோதிக்கப்பட்டது என்பதும் இக்கட்டுரையின் வாதம்.

மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939இல் பிறந்தவர். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று 1969இல் தங்கப் பதக்கத்துடன் வெளியேறினார். ராமு காரியாட்டின் ‘நெல்லு’ அவருக்குக் கேரள அரசின் விருதைத் தந்தது. தாமே இயக்கிய கன்னடப் படம் ‘கோகிலா’வும் (1977), ‘மூன்றாம் பிறை’யும் ஒளிப்பதிவுக்கான தேசிய விருதைப் பெற்றன. ‘முள்ளும் மலரும்’, ‘சங்கராபரணம்’, மணிரத்னத்தின் முதல் படமான ‘பல்லவி அனுபல்லவி’ ஆகியவற்றுக்கும் அவரே ஒளிப்பதிவாளர். இந்தப் பட்டியலைவிட முக்கியமானது அவர் வெளிச்சத்தைக் கையாண்ட விதம். திருவிடைமருதூர், கும்பகோணம் பக்கத்துப் பழைய வீடுகளை அறிந்தவர்களுக்கு அது எளிதில் விளங்கும். அந்த வீடுகளில் வெளிச்சம் முற்றத்தில் இறங்கிக் கூடத்தில் பரவி, ரேழிக்கு வருவதற்குள் மங்கிவிடும். முற்றத்தை ஒட்டி அமர்ந்திருப்பவரின் ஒரு கன்னம் ஒளியிலும் மறு கன்னம் நிழலிலும் இருக்கும். நான்கு திசையிலிருந்தும் விளக்கடித்து முகத்தைப் பளபளப்பாக்கிய ஸ்டுடியோ வழக்கத்துக்கு மாறாக, வெளிச்சம் எங்கிருந்து வருகிறது என்ற கேள்விக்கு அவருடைய சட்டகங்கள் விடை வைத்திருந்தன. ஜன்னல் என்றால் ஜன்னல், வாசல் என்றால் வாசல்.

இயற்கை ஒளி என்பதே புனைவு, அவரும் ரிஃப்ளெக்டரையும் விளக்கையும் பயன்படுத்தியவர்தானே என்று கேட்கலாம். கேள்வி நியாயமானது. எழுபதுகளின் வண்ண நெகட்டிவ்களின் ஒளியுணர்திறன் ஏறத்தாழ 100 ஏஎஸ்ஏ அளவில்தான் இருந்தது. கண்ணுக்குப் போதுமான கூடத்து வெளிச்சம் அந்த பிலிமுக்குப் போதாது. நடிகரை ஜன்னலருகே நகர்த்த வேண்டும், அகன்று திறக்கும் லென்ஸ் வேண்டும், வெயில் சாயும் நேரம் பார்த்துக் காட்சியை வைக்க வேண்டும். ஆக, இயற்கை ஒளி என்பது இடத்தையும் நேரத்தையும் தேர்ந்தெடுக்கும் ஏற்பாடு. ஏற்பாடு இருப்பதால் அது பொய்யாகிவிடாது. கூடுதல் விளக்கு இருந்தாலும் அது ஜன்னல் ஒளியின் திசையை மீறாதவரை முறை குலைவதில்லை.

இந்த முறைக்கு ஒரு பொருளாதாரமும் உண்டு. விளக்குகளைக் குறைத்தால் யூனிட் சிறுக்கிறது, காத்திருக்கும் நேரம் குறைகிறது, உண்மையான வீட்டுக்குள் நுழைய முடிகிறது. பாட்டே இல்லாத ‘வீடு’ சாத்தியமானதற்கு இதுவும் காரணம். தூர்தர்ஷனுக்காகக் கறுப்பு வெள்ளையில் எடுத்த ‘சந்தியா ராகம்’ அதே வழியில் அடுத்த படி. ‘கதை நேரம்’ ஐம்பத்திரண்டு சிறுகதைகளைத் திரைக்குக் கொண்டுவந்தது. வாரந்தோறும் ஒரு கதை என்ற நெருக்கடியில், ஒரு காட்சிக்கு மணிக்கணக்கில் லைட்டிங் செய்பவரால் தாக்குப்பிடிக்க முடியாது. அவசரத்தில் தரம் குறைந்தது என்பாரும் உண்டு. வீடியோவில் ஜன்னல் வெளுத்துப் போகும், நிழல் விவரமிழக்கும் என்பது மெய்தான். அந்தக் குறைபாடு கருவியுடையது. ஒளியின் திசை, முகத்தை நெருங்கும் நிதானம், வசனமில்லாத இடைவெளிக்குத் தரும் மதிப்பு ஆகியவை திரையின் அளவோடு சுருங்கவில்லை. வணிகத்துக்காக எடுத்த ‘நீங்கள் கேட்டவை’யைவிட இந்தச் சின்னத்திரைக் கதைகளே அவர் வழிக்கு நெருக்கமானவை என்பது என் துணிபு.

‘கதை நேரம்’ ஒரு பட்டறையாகவும் இருந்தது. அதில் உதவியாளராகப் பணியாற்றிய வெற்றிமாறன், பின்னாளில் பூமணியின் ‘வெக்கை’யை ‘அசுரன்’ (2019) ஆக்கியதை இந்தப் பின்னணியிலிருந்து பிரித்துப் பார்க்க இயலாது. சிறுகதை வாசிப்பை உதவியாளர்களுக்குப் பயிற்சியாகவே வைத்தவர் பாலு மகேந்திரா. கும்பகோணம் வட்டாரத்துக் கிராமச் சூழலில் எடுத்த கடைசிப் படம் ‘தலைமுறைக’ளில் (2013) கனமான சினிமா கேமராவை விட்டு, புகைப்படக்காரர்கள் கையாளும் கேனான் 5டியை எடுத்துக்கொண்டார். இதைச் சிக்கனம் என்று மட்டும் சொல்வது போதாது. சின்னத்திரையில் பழகிய எளிமை பெரிய திரைக்குத் திரும்பி வந்தது என்பதே பொருத்தம்.

2014 பிப்ரவரி 13இல் அவர் மறைந்தார். தம் படங்களின் நெகட்டிவ்கள் அழிந்ததை எண்ணி வருந்தி, தமிழ்ப் படங்களுக்கு ஓர் ஆவணக் காப்பகம் வேண்டும் என்று கேட்டுக்கொண்டே இருந்தவர் அவர். ஓலைச்சுவடிகளைத் திரட்டிக் காக்கும் தஞ்சாவூர்த் தமிழ்ப் பல்கலைக்கழகம் போன்ற நிறுவனங்கள், அந்தக் காப்பகத்தை அமைக்க முன்வர வேண்டும். ‘கதை நேர’த்தின் ஐம்பத்திரண்டு கதைகளும் அதில் முதல் தொகுதியாக இடம்பெற வேண்டும்.