தானவன் முதல் கணேஷ் வரை

தமிழில் துப்பறியும் கதை என்றதும் என் வயதுக்காரர்களுக்கு சாம்புவும் சங்கர்லாலும் ஞாபகத்துக்கு வருவார்கள். அடுத்த தலைமுறைக்கு கணேஷ்-வசந்த். ஆனால் ஆரம்பம் அதற்கெல்லாம் வெகு முன்னால், 1894-ல். அந்த வருஷம்தான் பண்டித ச.ம. நடேச சாஸ்திரி, தானவன் என்ற போலீஸ் நிபுணன் கண்டுபிடித்த அற்புதக் குற்றங்களைப் புத்தகமாக வெளியிட்டார். ஷெர்லாக் ஹோம்ஸ் லண்டனில் முதன்முதலாக அச்சில் வந்தது 1887-ல். இடையில் ஏழே வருஷம்!

சாஸ்திரிகள் (1859–1906) தொல்பொருள் துறையில் கல்வெட்டுப் பணி பார்த்தவர். தென்னாட்டு நாடோடிக் கதைகளைத் தேடித் தேடித் தொகுத்தவர். சிதைந்த எழுத்துக்களைக் கூட்டிப் படித்து எந்த ராஜா, எந்தக் காலம் என்று நிர்ணயிப்பதும் ஒருவகைத் துப்பறிதல்தானே. அரசாங்க உத்தியோகத்தில் காலம் கழித்த எனக்கு, தமிழின் முதல் துப்பறியும் எழுத்தாளரும் ஓர் அரசாங்க உத்தியோகஸ்தர் என்பதில் கொஞ்சம் சந்தோஷம் உண்டு.

அதற்கு முன்பு நம்மிடம் நீதிக் கதைகள் இல்லாமல் இல்லை. மரியாதைராமன் இருந்தான், மாறுவேடத்தில் இரவில் நகர்சோதனை வரும் ராஜா இருந்தான். ஏன், சிலப்பதிகாரமே விசாரணை இல்லாமல் கொடுத்த தண்டனையின் கதைதான். கண்ணகி சிலம்பை உடைத்து, உள்ளே இருந்த மாணிக்கத்தைக் காட்டியதுதான் தடயச் சான்று. பாண்டியனுடையதில் இருந்தது முத்து. ஆனால் அந்தச் சான்று வந்தபோது கோவலன் உயிரோடு இல்லை. தண்டனைக்கு முன்னால் சான்றைத் தேடிக்கொண்டு வர ஒருவன் வேண்டும். அந்த ஆள்தான் 1894-ல் நம் கதைகளுக்குள் நுழைகிறான்.

ஏன் அப்போது? ஹோம்ஸைப் பார்த்துப் போட்ட சூடு என்று சொல்லிவிடுவது சுலபம். அது பாதிதான் சரி என்பது என் அபிப்ராயம். சென்னை ராஜதானியில் வரி வசூலிக்கவும் குற்றத்தை ஒப்புக்கொள்ள வைக்கவும் ஜனங்களைச் சித்திரவதை செய்கிறார்கள் என்ற புகாரை விசாரித்த கமிஷன் 1855-ல் அறிக்கை கொடுத்தது. 1859-ல் ராஜதானிக்குப் புதிய போலீஸ் சட்டம் வந்தது. 1872-ல் வந்த சாட்சியச் சட்டத்தின் 25-ஆவது பிரிவு, போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றவாளிக்கு எதிராக நிரூபிக்கக் கூடாது என்றது. (2024 ஜூலை முதல் அமலில் உள்ள புதிய சட்டத்திலும் அந்த விதி இருக்கிறது.) அதாவது, அடித்து வாங்கிய வாக்குமூலத்துக்குக் கோர்ட்டில் மதிப்பில்லை என்று ஆயிற்று. நடைமுறையில் அடி நின்றுவிட்டதா என்பது வேறு விஷயம். ஆனால் மூளையால் கண்டுபிடிக்கும் போலீஸ்காரன் என்ற எண்ணத்துக்கு இடம் பிறந்தது. கல்கத்தாவிலும் 1890-களில் பிரியநாத் முகோபாத்யாய் என்ற போலீஸ் அதிகாரி, தாம் கண்ட வழக்குகளைக் கதைகளாக எழுதிக்கொண்டிருந்தார். 1897-ல் உலகத்தின் முதல் கைரேகைப் பிரிவு அதே கல்கத்தாவில் ஆரம்பமாயிற்று. லண்டன் ஸ்காட்லாந்து யார்டில் அது வந்தது 1901-ல்தான்.

கெமிஸ்ட்ரி படித்தவன் என்ற முறையில் எனக்கு ஒரு குறை. கைரேகையும் ரசாயனப் பரிசோதனையும் நம் தேசத்திலேயே இருந்தும், தமிழ்த் துப்பறிவாளர்கள் வெகுகாலம் மாறுவேடத்தையும் ஒட்டுக்கேட்பதையுமே நம்பினார்கள். ஆரணி குப்புசாமி முதலியார் ஹோம்ஸை ஆனந்தசிங் ஆக்கினார். இங்கிலீஷ் நாவல்களைத் தழுவி மளமளவென்று எழுதித் தள்ளினார். ஆனால் தமிழ் வாசகனுக்குப் பிடித்தது பூதக்கண்ணாடி அல்ல, வேஷம். நகர்சோதனை ராஜாவின் வாசனை நம்மை விடவில்லை.

அடுத்த இருபது வருஷம்தான் உண்மையான அறுவடை. ஜே.ஆர். ரங்கராஜுவின் ‘இராஜாம்பாள்’ 1908-ல் வந்து பல பதிப்புகள் கண்டது. நாடகமாயிற்று, சினிமாவும் ஆயிற்று. அதில் வரும் துப்பறியும் கோவிந்தன் வீட்டுக்கு வீடு பிரசித்தம். பிறகு வடுவூர் கே. துரைசாமி ஐயங்கார் (1880–1942). பி.ஏ. படித்துத் தாசில்தார் வேலை பார்த்தவர், அதை விட்டுவிட்டு எழுத வந்தார். அந்தக் காலத்தில் தாசில்தார் உத்தியோகத்தை நாவலுக்காக விட்டவரைப் பற்றி அவர் வீட்டில் என்ன பேசியிருப்பார்கள் என்று ஊகிக்கத் தனியாகத் துப்பறிய வேண்டியதில்லை.

வடுவூராரின் ‘மேனகா’ 1935-ல் டி.கே.எஸ். சகோதரர்கள் நடித்துப் படமாக வந்தது. அதில் குற்றம் எங்கே நடக்கிறது? இருண்ட சந்தில் அல்ல. ஆசாரமான ஒரு பிராமண வக்கீல் வீட்டில், நாத்தனார்களின் கொடுமையில் ஆரம்பமாகிறது. ரங்கராஜுவும் இஷ்டமில்லாத கல்யாணம், சாஸ்திரம் பேசுபவர்களின் போலித்தனம் இவற்றைச் சுற்றித்தான் கதையை ஓட்டினார். 1925-ல் வை.மு. கோதைநாயகி அம்மாள் தம் முதல் நாவல் ‘வைதேகி’யை ‘ஜகன்மோகினி’யில் எழுதியபோது அவரும் துப்பறியும் பாணியைத்தான் எடுத்துக்கொண்டார்.

இவற்றை இலக்கியம் அல்ல என்று ஒதுக்கியவர்கள் கவனிக்காதது இதைத்தான். வரதட்சிணையையும் மாமியார் கொடுமையையும் மேடையில் பேசினால் அடிக்க வருவார்கள். அதையே, ‘காணாமல் போன பெண் எங்கே?’ என்று கேட்டு எழுதினால், அடிக்க வந்தவர்களே விளக்கை ஏற்றி வைத்துக்கொண்டு விடிய விடியப் படித்தார்கள். எழுதியவர்களில் நம்மவர்கள் பலர் என்று நாம் பெருமைப்படுகிறோம், சரி. எழுதப்பட்டதும் நம் வீடுகளைப் பற்றித்தான் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

இன்னொன்று. வடுவூராரின் ‘கும்பகோணம் வக்கீல்’ கதையில் அக்கிரமக்காரரே வக்கீல்தான். அவரை மடக்குபவர் திகம்பர சாமியார், ஒரு சந்நியாசி. 1950-ல் மாடர்ன் தியேட்டர்ஸ் அதைப் படமாக்கியபோது எம்.என். நம்பியார் வேஷத்துக்கு மேல் வேஷம் போட்டு அசத்தினார். தானவன் காலத்தில் போலீஸை நம்பினோம். 1920-களில் கோர்ட்டையும் கச்சேரியையும் சந்தேகித்து சாமியாரை நம்பினோம்.

1940-களில் தேவன் ‘ஆனந்த விகட’னில் சாம்புவைக் கொண்டுவந்தார். இவன் யாரையும் மடக்கவில்லை. தடுக்கி விழுந்தால் திருடன்மேல் விழுவான். இன்ஸ்பெக்டர் கோபாலன் அதை மேதாவித்தனம் என்று கொண்டாடுவார். திருவிடைமருதூர்க்காரரான தேவன் (1913–1957) நாற்பத்து நான்கு வயதுக்குள் போய்விட்டது நமக்கு நஷ்டம். தமிழ்வாணனின் சங்கர்லால் தேநீர் குடித்துக்கொண்டே தேசம் தேசமாகச் சுற்றினார். எனக்கு அவர் மேல் பெரிய ஈடுபாடு இல்லை. ஆனால் பள்ளிப் பையன்களை நல்ல தமிழில் படிக்க வைத்தார் என்பதை மறுக்க முடியாது.

சுஜாதா விஷயம் வேறு. அவரும் சயன்ஸ் படித்தவர். 1960-களில் இந்த டில்லியிலேயே சிவில் ஏவியேஷனில் உத்தியோகம் பார்த்தவர். 1968-ல் ‘குமுத’த்தில் ‘நைலான் கயிறு’ வந்தது. அதில் அறிமுகமான கணேஷ் ஒரு வக்கீல். கும்பகோணத்தில் வில்லனாக இருந்த வக்கீல் நாற்பது வருஷத்தில் கதாநாயகன் ஆகிவிட்டார்! சாட்சி, தடயம், சந்தேகத்தின் பலன் என்று பேசும் ஆள். சுதந்திரத்துக்குப் பிறகு படித்த நடுத்தர வர்க்கம் சட்டத்தின் மேல் வைத்த நம்பிக்கைதான் கணேஷ் என்று எனக்குத் தோன்றுகிறது.

‘அனிதா - இளம் மனைவி’யில் கணேஷ் டில்லிக்காரர். நான் 1973-ல் இங்கே வேலைக்கு வந்தபோது மந்திர் மார்க், கோல் மார்க்கெட் பக்கத்து குவார்ட்டர்ஸில் அதைப் படிக்காத தமிழ்க் குடும்பம் குறைவு. (மந்திர் மார்க்கைப் பழைய ஆசாமிகள் ரீடிங் ரோடு என்றுதான் சொல்வார்கள்.) பத்திரிகைகள் ஜி.டி. எக்ஸ்பிரஸில் வந்து சேர நாலு நாள் தாமதமாகும். தொடர்கதைப் பக்கங்களைக் கிழித்து, கோணி ஊசியால் தைத்து, பைண்டு செய்து வைப்பது மாமிகளின் பொறுப்பு. எனக்குக் கிடைத்த பிரதியில் கடைசி அத்தியாயம் இல்லை. தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்கு எதிர்ப்பக்கம் குடியிருந்த ஒரு மாமி, அப்பளம் இட்டுக்கொண்டே முடிவை வாயால் சொன்னார். சொன்னதோடு விடவில்லை. ‘மூன்றாவது வாரத்திலேயே எனக்குத் தெரியும்’ என்று எங்கெங்கே துப்பு இருந்தது என்பதையும் காட்டினார். அவர் எட்டாவதோடு படிப்பை நிறுத்தியவர். தானவன் ஆரம்பித்து வைத்தது இந்தப் பழக்கத்தைத்தான்: சொன்னதை அப்படியே நம்பாமல், எப்படித் தெரியும் என்று கேட்பது.

1980-களில் பாக்கெட் நாவல் யுகம். ராஜேஷ்குமார், சுபா, பட்டுக்கோட்டை பிரபாகர் எல்லோரும் பஸ் ஸ்டாண்டு கடைகளில் தொங்கினார்கள். 2008-ல் சென்னை பிளாஃப்ட் பதிப்பகம் இவர்கள் கதைகளில் சிலவற்றை ஆங்கிலத்தில் தொகுத்து வெளியிட்டது. தமிழ் எழுத்துக்கூட்டிப் படிக்கும் நம் டில்லிக் குழந்தைகளுக்கு அது ஒரு வாசல். என் பேத்தி அந்த வழியாகத்தான் உள்ளே வந்தாள். இப்போது என்னை ‘மேனகா’வை உரக்கப் படிக்கச் சொல்லிக் கேட்கிறாள். எழுபதாவது பக்கத்தில் இருக்கிறோம். ‘அந்த நாத்தனார்களை வீட்டில் யாருமே ஏன் ஒரு கேள்வி கேட்கவில்லை தாத்தா?’ என்கிறாள்.