பொம்மை பார்த்து பயந்த கிரெம்ளின்

'கூக்ளி' என்றதும் கிரிக்கெட் ஞாபகம் வருகிறதா? இது வேறு. ரஷ்ய மொழியில் 'பொம்மைகள்' என்று அர்த்தம். 1994-ல் என்.டி.வி. என்ற தனியார் சேனலில் ஆரம்பித்த வாராந்தர நையாண்டி நிகழ்ச்சி. பிரெஞ்சுக்காரர்கள் கொடுத்த ஐடியாதான். மந்திரி, ஜனாதிபதி, கோடீஸ்வரர் என்று ஒருத்தர் பாக்கியில்லாமல் ரப்பர் பொம்மைகளாக வந்து அசடு வழிவார்கள். எழுதியவர் விக்டர் ஷென்டரோவிச்.

1995-ல் ஒரு எபிசோடில் தலைவர்களைப் பிச்சைக்காரர்களாகக் காட்டிவிட்டார்கள். ஜனங்களின் அன்றைய வருமானத்தில் இவர்களே வாழ்ந்து பார்த்தால் எப்படியிருக்கும் என்கிற கற்பனை! பொறுப்பு அரசு வக்கீல் இல்யூஷென்கோ கொதித்துப்போய் கிரிமினல் வழக்கு போட்டார். அப்புறம் நடந்ததுதான் தமாஷ். வழக்கு பிசுபிசுத்தது, ஊழல் புகாரில் 1996-ல் அவரே உள்ளே போனார்! யெல்ட்சினுக்கும் உள்ளுக்குள் எரிச்சல் இருந்திருக்கும். ஆனாலும், மனிதர் கடைசிவரை பொம்மைகள் மேல் கைவைக்கவில்லை. அதைச் சொல்லியாக வேண்டும்.

2000 ஜனவரி. புடின் தற்காலிக ஜனாதிபதி. 'கூக்ளி' ஒரு பழைய ஜெர்மானியக் கதையைக் கையில் எடுத்தது. அவலட்சணமான ஒரு குள்ளன். ஒரு தேவதை அவன் தலையை வாரிவிட, ஊரே அவனை அழகன், அறிவாளி என்று கொண்டாடுகிறது. குள்ளன் யார் என்று நான் சொல்ல வேண்டுமா? தேவதையாக வந்தது, கோடீஸ்வரர் பெரெசோவ்ஸ்கி!

புடின் படித்த பல்கலைக்கழகத்தின் பெரிய மனிதர்களே நடவடிக்கை கேட்டுக் கடிதம் எழுதினார்கள். அவர் பதவியேற்ற நாலாவது நாள், சேனலின் தாய் நிறுவனத்துக்குள் முகமூடி போட்ட துப்பாக்கி ஆசாமிகள் புகுந்தார்கள். ரெய்டு! பொம்மையை எடுத்துவிடச் சொல்லி மேலிடத்து நிபந்தனை வந்ததாகப் பின்னாளில் சொன்னார் ஷென்டரோவிச். சரி என்று எடுத்துவிட்டார்கள். எப்படித் தெரியுமா? அடுத்த எபிசோடில் பொம்மை இல்லை. பைபிளில் கடவுள் வருவது மாதிரி, ஜனாதிபதி மேகமாகவும் எரியும் புதராகவும் வந்தார். உருவமே இல்லாத பெருமான்! குசும்பு என்றால் இது.

ஜூன் மாதம் சேனல் முதலாளி குசின்ஸ்கி கைதானார். மூன்று நாள் சிறை. பிறகு வெளிநாடு ஓட்டம். 2001 ஏப்ரலில் சேனல், அரசின் பிடியில் இருந்த காஸ்ப்ரோம் கைக்குப் போனது. 2002-ல் பொம்மைகளை மூட்டை கட்டிவிட்டார்கள்.

ஷென்டரோவிச் மட்டும் விடாமல் எழுதிக்கொண்டே இருந்தார். 2021 டிசம்பரில் அவரை 'வெளிநாட்டு ஏஜென்ட்' பட்டியலில் சேர்த்தார்கள். அடுத்த மாதமே அவர் ரஷ்யாவை விட்டுக் கிளம்பினார்.