இருமடங்கு என்னும் அளவுகோல்: ஒற்றி முதல் மாதத் தவணை வரை வீட்டுக்கடனின் மொத்தச் செலவு

ஆய்வுச்சுருக்கம்

வீட்டை ஈடாக வைத்துப் பெறும் கடனுக்கு முடிவில் எவ்வளவு செலவாகிறது என்னும் வினாவைத் தமிழகத்தின் கடன் வரலாற்றில் வைத்து இக்கட்டுரை ஆராய்கிறது. ஒற்றி முறை, 1938ஆம் ஆண்டின் சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், 1977க்குப் பின் பரவிய சம மாதத் தவணை முறை ஆகிய மூன்றும் இங்கு ஒப்பிடப்படுகின்றன. கடனின் வாழ்நாள் முழுவதும் செலுத்தப்பட்ட தொகையை 1938ஆம் ஆண்டுச் சட்டம் எண்ணிப் பார்த்தது. மாதத் தவணை முறையில் அத்தொகை கடன் பெறுவோரின் பார்வையிலிருந்து விலகியது. அண்மைக்கால விதிமுறைகள் அதனை மீண்டும் வெளிப்படுத்த முயல்கின்றன என்பது கட்டுரையின் முடிபாகும்.

திறவுச்சொற்கள்: ஒற்றி, அடைமானம், மீட்புரிமை, கடன் நிவாரணம், சம மாதத் தவணை, மாறும் வட்டி

முன்னுரை

கடன் பெறுவோர் பொதுவாக இரண்டு எண்களைக் கேட்டறிகின்றனர். ஒன்று வட்டி விகிதம். மற்றொன்று மாதந்தோறும் செலுத்த வேண்டிய தொகை. கடன் தீரும் நாளில் மொத்தமாக எவ்வளவு செலுத்தியிருப்போம் என்னும் மூன்றாவது எண் பெரும்பாலும் கேட்கப்படுவதில்லை. இதனைத் தனிமனிதரின் கவனக்குறைவு என்று மட்டும் கொள்ள இயலாது. ஒவ்வொரு காலத்தின் கடன் முறையும் சில எண்களை முன்னிறுத்துகிறது. சிலவற்றைப் பின்னுக்குத் தள்ளுகிறது. எந்தக் காலத்தில் எந்த எண் முன்னின்றது என்பதைக் காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஒற்றி: வட்டியின் இடத்தில் அனுபோகம்

தமிழகத்தில் ஒற்றி, போக்கியம் எனப் பலவாறு வழங்கும் முறையில் கடன் கொடுத்தவர் வீட்டையோ நிலத்தையோ தம் அனுபவத்தில் வைத்துக்கொள்வார். வீட்டு வாடகை அல்லது நில விளைச்சல் வட்டிக்கு ஈடாகும். கடன் பெற்றவர் முதலைத் திருப்பிக் கொடுக்கும் நாளில் சொத்து மீளும். 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம் 58ஆம் பிரிவில் இதனை அடைமான வகைகளுள் ஒன்றாக ஏற்றது. அடைமானம் வைத்தவரின் மீட்புரிமையை அச்சட்டத்தின் 60ஆம் பிரிவு உறுதி செய்தது. நகரங்களில் முன்பணம் கொடுத்து வாடகையின்றிக் குடியிருக்கும் இன்றைய வழக்கம் இம்முறையின் தொடர்ச்சியே.

இம்முறையில் வட்டி விகிதம் பேசப்படுவதில்லை. ஆனால் செலவு இல்லை என்று பொருளில்லை. எத்தனை ஆண்டுகள் சொத்து பிறர் கையில் இருந்ததோ அத்தனை ஆண்டு வாடகையும் விளைச்சலும் கடனின் விலையாகும். முதலோ ஒரு காசும் குறைவதில்லை. பத்து ஆண்டு அனுபவித்த பின்னும் முழுமுதலைக் கொடுத்தே மீட்க வேண்டும். எனினும் இச்செலவு கண்ணுக்குப் புலனாவது. தம் வீட்டில் பிறர் குடியிருப்பதைக் கடன்பட்டவர் நாள்தோறும் காண்கிறார். விலை எண்ணாக எழுதப்படாவிடினும் இழப்பு மறைக்கப்படவில்லை.

இதற்கு மாறாக, சாதாரண அடைமானத்தில் கடன் பெற்றவரே சொத்தை அனுபவிப்பார்; வட்டி தனியே வளரும். சென்னை, பம்பாய், கல்கத்தா ஆகிய வணிக நகரங்களில் எழுத்துப் பத்திரமின்றி உரிமை ஆவணங்களை ஒப்படைத்துக் கடன் பெறும் வழக்கத்தையும் சட்டம் ஏற்றது. பிற்காலத்தில் வேறு நகரங்களுக்கும் விரிவுபடுத்தப்பட்ட இவ்வகையே இன்றைய வங்கி வீட்டுக்கடன்களுக்குப் பெரும்பாலும் அடிப்படையாக உள்ளது. அனுபோகம் கடன்பட்டவரிடமே நின்றதால், கடனின் விலை வீட்டிலிருந்து கணக்கேட்டுக்கு இடம்பெயர்ந்தது.

வட்டி வரம்பின் நீக்கமும் மீள்வரவும்

வட்டி முதலை விஞ்சலாகாது என்னும் கருத்து இந்திய மரபில் பழமையானது. தாம்துபத் எனப்படும் அவ்விதியின்படி, ஒரே வேளையில் கோரப்படும் வட்டி நிலுவை முதலின் அளவைத் தாண்டக் கூடாது. இங்கு ஒரு வேறுபாட்டைக் கருத வேண்டும். இவ்விதி நிலுவைக்கு மட்டுமே வரம்பிட்டது. ஆண்டுதோறும் வட்டியைத் தவறாது செலுத்தியவர் காலப்போக்கில் முதலைப் போல் பன்மடங்கு செலுத்த நேரினும் விதி அதில் தலையிடவில்லை. மேலும், பம்பாய் மாகாணத்திலும் கல்கத்தா நகரிலும் நீதிமன்றங்கள் ஏற்ற இவ்விதி சென்னை மாகாணத்தில் நடைமுறை பெறவில்லை.

1855ஆம் ஆண்டின் சட்டம் வட்டிக்கு இருந்த உச்சவரம்புகளை நீக்கியது. இரு தரப்பாரும் ஒப்பிய வட்டியை நீதிமன்றங்கள் அவ்வாறே தீர்ப்பளிக்கும் நிலை ஏற்பட்டது. 1918ஆம் ஆண்டின் மிகைவட்டிக் கடன் சட்டம் நியாயமற்ற ஒப்பந்தங்களை மறுபரிசீலனை செய்யும் அதிகாரத்தை நீதிமன்றங்களுக்கு வழங்கியது. எனினும் ஒவ்வொரு வழக்கிலும் கடன்பட்டவரே நீதிமன்றத்தில் அதனை நிறுவ வேண்டியிருந்தது.

1929இல் தொடங்கிய பெருமந்தம் இச்சிக்கலைக் கூர்மையாக்கியது. நெல் விலை வீழ்ந்தது; கடனோ ரூபாயில் எழுதப்பட்டிருந்தது. அதே கடனை அடைக்க முன்னிலும் மிகுதியான நெல்லை விற்க வேண்டியதாயிற்று. இப்பின்னணியில் இராஜாஜி தலைமையிலான அமைச்சரவை கொண்டுவந்த சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் 22.03.1938 அன்று நடைமுறைக்கு வந்தது.

1938: கடனின் வாழ்நாளை எண்ணிய சட்டம்

01.10.1932க்கு முற்பட்ட கடன்களைப் பற்றிய 8ஆம் பிரிவு இவ்வாய்வுக்கு இன்றியமையாதது. அதன்படி 01.10.1937 அன்று நிலுவையிலிருந்த வட்டி முழுவதும் தீர்ந்ததாகக் கொள்ளப்பட்டது. அதனினும் முக்கியமாக, விவசாயி ஒருவர் முதலாகவோ வட்டியாகவோ இரண்டுமாகவோ முதலின் இருமடங்கைச் செலுத்தியிருந்தால், முதல் உட்பட அக்கடன் முற்றிலும் தீர்ந்ததாகக் கருதப்பட்டது.

தாம்துபத் விதியினின்று இது அடிப்படையில் வேறுபடுகிறது. பழைய விதி ஒரு நாளின் நிலுவையைப் பார்த்தது. புதிய சட்டம் கடன் தொடங்கிய நாள்முதல் கொடுத்தவற்றையெல்லாம் கூட்டிப் பார்த்தது. வட்டியை முதலோடு சேர்த்துப் புதிய பத்திரம் எழுதும் வழக்கத்தையும் சட்டம் கணக்கில் கொண்டது. எத்தனை முறை பத்திரம் புதுப்பிக்கப்பட்டாலும் முதன்முதலில் கையில் கொடுத்த தொகையும் பின்னர் மெய்யாகவே கொடுத்த தொகையுமே முதலாகக் கொள்ளப்பட்டன. பத்திரங்களின் அடுக்கில் மறைந்திருந்த மொத்தச் செலவு இதனால் வெளிப்பட்டது.

சட்டம் நடைமுறைக்கு வந்தபின் பெறும் கடன்களுக்கு ஆண்டுக்கு 6¼ விழுக்காடு தனிவட்டி வரம்பாயிற்று. ரூபாய்க்கு மாதம் ஒரு பை என்பது அதன் விளக்கம். ரூபாய்க்கு 192 பை என்ற அக்கால நாணயக் கணக்கில் 12 பை என்பது 6¼ விழுக்காடாகும். விழுக்காடு அறியாதவரும் விரல்விட்டு எண்ணக்கூடிய அளவாக வரம்பு சொல்லப்பட்டமை குறிப்பிடத்தக்கது.

இச்சட்டத்தின் எல்லைகளும் கருதத்தக்கன. இது விவசாயிகளுக்குரியது, நகர்ப்புற வீட்டுக்கடனுக்கானதன்று. வட்டி குறிக்கப்படாத அனுபவ அடைமானங்களும் இருமடங்கு விதியின் வெளியே நின்றன. ஆகவே ஒற்றியின் செலவு 1938ஆம் ஆண்டிலும் எண்ணப்படவில்லை.

மாதத் தவணையின் வருகை

நகர்ப்புற நடுத்தர வகுப்பினர்க்கு வீட்டை ஈடாகக் கொண்டு கடன் வழங்கும் பணியைச் சென்னையில் நிதிகள் முன்னரே மேற்கொண்டிருந்தன. 1872இல் தொடங்கப்பெற்ற மயிலாப்பூர் இந்து பெர்மனென்ட் ஃபண்ட் அவற்றுள் புகழ்பெற்றது. எனினும் நாடளாவிய நெடுங்கால வீட்டுக்கடன், 1977இல் ஹெச்.டி. பரேக் நிறுவிய ஹெச்.டி.எஃப்.சி., 1988இல் அமைந்த தேசிய வீட்டுவசதி வங்கி ஆகியவற்றின் வழியே வளர்ந்தது. அதன் கருவி சம மாதத் தவணை.

எடுத்துக்காட்டாக 30 இலட்சம் ரூபாய், 9 விழுக்காடு வட்டியில், 20 ஆண்டுகளுக்குப் பெறப்படுவதாகக் கொள்வோம். மாதத் தவணை 26,992 ரூபாய். 240 தவணைகளில் செலுத்தும் மொத்தம் சுமார் 64.78 இலட்சம், வட்டி மட்டும் 34.78 இலட்சம். முதல் தவணையில் 22,500 ரூபாய் வட்டிக்கும் 4,492 ரூபாய் முதலுக்கும் சேரும். பத்து ஆண்டு முடிவில் 32.39 இலட்சம் செலுத்தியிருப்பார், ஆயினும் 21.31 இலட்சம் பாக்கி நிற்கும். காலத்தில் பாதி கழிந்தும் முதலில் கழிந்தது 8.69 இலட்சமே. தவணை மாதந்தோறும் ஒன்றாகவே இருப்பதால் அதனுள் வட்டியும் முதலும் பங்கு மாறுவது தெரிவதில்லை.

கணக்கிடும் முறையும் செலவை மாற்றும். தொடக்கக் காலத்தில் மாதந்தோறும் வாங்கிய தவணையை ஆண்டு முடிவில் மட்டும் முதலில் கழிக்கும் வழக்கம் பரவலாக இருந்தது. மேற்கண்ட கடனுக்கு அம்முறையில் தவணை 27,387 ரூபாய் ஆகும். 20 ஆண்டில் சுமார் 95 ஆயிரம் ரூபாய் கூடுதல். வட்டி விகிதமோ இரண்டிலும் 9 விழுக்காடே.

மாறும் வட்டியும் நீளும் காலமும்

வட்டி மாறக்கூடியதாக அமைந்தபோது மூன்றாவது எண் மேலும் நழுவியது. மேற்கண்ட கடனில் தொடக்கத்திலேயே வட்டி 10 விழுக்காடாக உயர்வதாகக் கொள்வோம். தவணையை உயர்த்தினால் மாதம் 1,959 ரூபாய் கூடும். 20 ஆண்டில் கூடுதல் செலவு சுமார் 4.70 இலட்சம். தவணையை மாற்றாமல் காலத்தை நீட்டினால் 240 மாதம் ஏறத்தாழ 314 மாதமாகும். கூடுதல் செலவு சுமார் 20 இலட்சம். இரண்டாவது வழியில் வீட்டுச் செலவுக் கணக்கில் எந்த மாற்றமும் தெரியாது. உணரப்படாத வழியே நான்கு மடங்குக்கும் மேற்பட்ட செலவை விளைவிக்கிறது.

இது ஏட்டளவிலான கணக்கன்று. 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 விழுக்காடாக இருந்த ரெப்போ விகிதம் 2023 பிப்ரவரியில் 6.5 விழுக்காட்டை எட்டியது. 2019 அக்டோபர் முதல் வங்கிகளின் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவீடுகளோடு பிணைக்கப்பட்டிருந்தமையால் உயர்வு உடனடியாகக் கடன்பட்டோரைச் சென்றடைந்தது. 7 விழுக்காட்டில் 20 ஆண்டுகளுக்கு 30 இலட்சம் பெற்றவரின் தவணை 23,259 ரூபாய். வட்டி 9.5 விழுக்காடானால் 30 இலட்சத்துக்கு ஒரு மாத வட்டி மட்டும் 23,750 ரூபாய். பழைய தவணையைத் தவறாது செலுத்தினாலும் கடன் தேயாது, வளரும். வட்டியை முதலோடு சேர்த்துப் பத்திரம் புதுப்பித்த பழைய நிலைக்கு இது ஒப்பானது. புதுப் பத்திரமோ கையொப்பமோ இங்குத் தேவைப்படவில்லை.

வரம்பிலிருந்து வெளிப்படுத்தலுக்கு

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி வெளியிட்ட நெறிமுறைகள் இச்சூழலில் எழுந்தவை. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்னும் தெரிவு கடன் பெற்றவர்க்கு அளிக்கப்பட வேண்டும்; தவணை வட்டிக்கும் போதாத நிலை ஏற்படலாகாது; செலுத்திய முதல், வட்டி, மீதமுள்ள தவணைகள் ஆகியன காலாண்டுதோறும் தெரிவிக்கப்பட வேண்டும் என்பன அவற்றுள் சில. 2024 அக்டோபர் முதல் புதிய கடன்களுக்கு, கட்டணங்களையும் உள்ளடக்கிய ஆண்டுச் செலவு விகிதமும் தவணை அட்டவணையும் கொண்ட முக்கிய விவர அறிக்கை கட்டாயமாயிற்று.

மீட்புரிமையும் புதுப்பொருள் பெற்றது. மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் தண்டக் கட்டணம் வாங்குவதை ரிசர்வ் வங்கி 2012இல் தடை செய்தது. 9 விழுக்காட்டு எடுத்துக்காட்டில் முதலாண்டு முடிவில் ஒரு இலட்சம் ரூபாய் கூடுதலாகச் செலுத்தினால் இறுதியில் 19 தவணைகள், அதாவது சுமார் 5.13 இலட்சம் ரூபாய், குறையும்.

இருமடங்கு அளவுகோலை இன்றைய கடனுக்குப் பொருத்திப் பார்க்கலாம். 9 விழுக்காட்டுக் கடனில் 223ஆம் தவணையில் முதலின் இருமடங்கு செலுத்தப்பட்டுவிடும்; அதன்பின்னும் 17 தவணைகள் உள. வட்டி 10 விழுக்காடாகிக் காலம் நீண்டால் மொத்தம் முதலைப் போல் 2.8 மடங்காகும். ஆனால் இவ்வொப்பீட்டை எச்சரிக்கையுடன் கொள்ள வேண்டும். 1930களில் விலை வீழ்ந்து கடனின் உண்மைச் சுமை ஏறியது. விலையும் ஊதியமும் ஏறும் காலத்தில் இறுதித் தவணையின் ரூபாய் முதல் தவணையின் ரூபாயைவிட மதிப்பிற் குறைந்தது. கடன்பட்டவர் இடைக்காலத்தில் வாடகையின்றித் தம் வீட்டிலேயே வாழ்கிறார். எனவே இருமடங்கைத் தாண்டிய கடனெல்லாம் அநீதி என்று முடிவு செய்தல் பொருந்தாது.

முடிவுரை

ஒற்றியில் கடனின் விலை எழுதப்படவில்லை. எனினும் பறிபோன அனுபோகமாகக் கண்முன் நின்றது. 1938ஆம் ஆண்டுச் சட்டம் அவ்விலையை எண்ணி வரம்பிட்டது. மாதத் தவணை அதனைத் தாங்கக்கூடிய சிறு தொகைகளாகப் பகுத்தது. வீட்டுரிமையைப் பலர்க்கும் எட்டச் செய்த அதே பகுப்பு மொத்தத்தை மறைக்கவும் செய்தது. இன்றைய விதிமுறைகள் வரம்பிடுவதில்லை, வெளிப்படுத்துகின்றன. வெளிப்படுத்தல் பயன்பட வேண்டுமாயின் கடன்பட்டவர் அதனைப் படித்துணர வேண்டும். ரூபாய்க்கு மாதம் ஒரு பை என்று எவர்க்கும் விளங்கச் சொன்ன சட்டமொழியோடு ஒப்பிட்டால், பல பக்கங்களில் விரியும் தவணை அட்டவணையின் மொழி எளியதன்று. இதுவரை எவ்வளவு கொடுத்தேன், முடிவில் எவ்வளவு கொடுப்பேன் என்னும் இரு வினாக்களுக்கும் விடையை ஒவ்வொரு தவணைச் சீட்டிலும் எளிய தமிழில் அச்சிடுவது, 1938ஆம் ஆண்டுச் சட்டம் முன்வைத்த அளவுகோலை இன்றைக்கு ஏற்ற வடிவில் மீட்பதாக அமையும்.