சோங் பாங் கம்பம்: மறைந்த ஊரும் மறையாத பெயரும்



நம் மாணவர்கள் சோழர் வரலாற்றையும் இரண்டாம் உலகப்போரையும் ஓரளவு அறிந்திருக்கிறார்கள். ஆனால் தாங்கள் குடியிருக்கும் வட்டாரத்தின் பெயர் எப்படி வந்தது என்று கேட்டால் விழிக்கிறார்கள். சிங்கப்பூரின் வடபகுதியில் தமிழாசிரியராகப் பணியாற்றும் எனக்கு இது நெடுநாளைய மனக்குறை. ஆகவே இம்முறை சோங் பாங் என்னும் பழைய கம்பத்தின் வரலாற்றை எழுத முற்படுகிறேன்.

தந்தையும் மகனும்

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சிங்கப்பூரின் வடபகுதி ரப்பர் தோட்டங்களும் அன்னாசித் தோட்டங்களும் நிறைந்த நிலமாக இருந்தது. செம்பவாங் என்பதே ஒரு மரத்தின் பெயர். இத்தோட்டத் தொழிலில் பெரும்புகழ் பெற்றவர் லிம் நீ சூன் (1879–1936) என்ற தியோச்சியூ சீனர். அவருடைய பெயரே மாண்டரின் உச்சரிப்பில் 'ஈசூன்' என மாறி, இன்று ஒரு பெரிய குடியிருப்பு நகரத்தின் பெயராக விளங்குகிறது.

அவருடைய மகன் லிம் சோங் பாங் (1904–1956). செம்பவாங் சாலையை ஒட்டி 'வெஸ்ட் ஹில்' என்று அழைக்கப்பட்ட கிராமம், அவர் மறைந்த பின்னர் அவர் நினைவாகச் சோங் பாங் என்று பெயர் பெற்றது. தந்தையின் பெயர் மாண்டரினுக்கு மாறியது. மகனின் பெயரோ பழைய உச்சரிப்பிலேயே நின்றுவிட்டது. அதனால்தான் இவ்விரு பெயர்களுக்கும் இடையிலுள்ள உறவு நம் காதில் விழுவதில்லை.

தளம் வந்தது, ஊர் வளர்ந்தது

செம்பவாங்கில் கப்பற்படைத் தளம் அமைக்க 1923இல் பிரிட்டிஷார் முடிவு செய்தனர். காடும் சதுப்பும் தோட்டங்களும் அழிக்கப்பட்டன. 1938 பிப்ரவரி 14ஆம் நாள் ஆறாம் ஜார்ஜ் மன்னர் பெயரிலான கப்பல் பழுதுபார்ப்புத் துறை திறக்கப்பட்டது. அதன் நீளம் சுமார் 1,000 அடி. நான்கே ஆண்டுகளில், 1942இல், தளம் ஜப்பானியர் வசமானது. 1945இல் மீண்டும் பிரிட்டிஷார் கைக்கு வந்தது.

நம் பாடநூல்கள் தளத்தைக் கோட்டையாகவும் போர்க்களமாகவும் காட்டுகின்றன. பல்லாயிரம் பேருக்கு அது பிழைப்பிடமாகவும் இருந்தது. தமிழ்நாட்டிலிருந்தும் கேரளத்திலிருந்தும் வந்தோர் அங்கே கூலித் தொழிலாளராகவும் கைவினைஞராகவும் எழுத்தராகவும் பணியாற்றினர். 1952 டிசம்பர் இறுதியில் தளத் தொழிலாளர் சங்கம் வேலைநிறுத்தத்தில் இறங்கியபோது அதில் பங்கேற்றோர் ஏறத்தாழ 10,000 பேர்.

அதிகாரிகளுக்குத் தளத்தினுள்ளே விசாலமான கறுப்பு வெள்ளை மாளிகைகள் இருந்தன. தொழிலாளரில் ஒரு பகுதியினர் தளத்தின் குடியிருப்புகளில் தங்கினர். ஏனையோர் வெளியே இருந்த கம்பங்களில் குடியேறினர். சோங் பாங் அவற்றுள் முதன்மையானது. சீனர், மலாய்க்காரர், தமிழர், மலையாளிகள் அங்கே அருகருகே வாழ்ந்தனர். கடைத்தெருவும் சுல்தான் திரையரங்கும் அவ்வூரின் அடையாளங்களாக இருந்தன.

வந்தவர்கள் பணம் சேர்ப்பதோடு நின்றுவிடவில்லை. தளத்தில் பணிபுரிந்த மலையாளிகளின் முயற்சியால் 1948இல் ஸ்ரீ நாராயண மிஷன் தோன்றியது. கேன்பரா சாலைக்கு அருகே ஒரு மரத்தடியில் தொடங்கிய முருக வழிபாடு 1960களில் கோயிலாக வளர்ந்தது. தளத் தொழிலாளர் ஒருவர் கண்ட கனவே அதற்குத் தொடக்கம் என்பது அக்கோயிலின் வரலாறு. 'புனித மரம் ஸ்ரீ பாலசுப்பிரமணியர் ஆலயம்' என்ற பெயரில் அந்த மரம் இன்றும் இருக்கிறது.

தளம் போனது, ஊரும் கலைந்தது

சூயஸ் கால்வாய்க்குக் கிழக்கிலுள்ள படைகளை 1971ஆம் ஆண்டு இறுதிக்குள் மீட்டுக்கொள்வதாக 1968 ஜனவரியில் பிரிட்டன் அறிவித்தது. அந்நாளில் சிங்கப்பூர்ப் பொருளாதாரத்தில் சுமார் ஐந்தில் ஒரு பங்கு பிரிட்டிஷ் தளங்களைச் சார்ந்திருந்தது. அதே ஆண்டில் கப்பல் பட்டறை சிங்கப்பூர் அரசிடம் ஒப்படைக்கப்பட்டு, செம்பவாங் கப்பல் கட்டும் தளமாக மாறியது. அங்கே வேலை தொடர்ந்தவர்கள் உண்டு. குடியுரிமை இல்லாதோர் பலர் பணிக்கொடையைப் பெற்றுக்கொண்டு இந்தியா திரும்பினர். ஒரே குடும்பத்தில் தந்தை ஊர் திரும்ப, பிள்ளைகள் இங்கேயே தங்கிய கதைகளும் உண்டு.

1980களில் கம்பத்து மக்கள் அடுக்குமாடி வீடுகளுக்கு மாறினர். 1989இல் கம்பம் இடிக்கப்பட்டது. ஆயினும் ஊர் தன் உடைமைகளில் சிலவற்றைக் கையோடு கொண்டு சென்றது எனலாம். சோங் பாங் என்ற பெயர் ஈசூனுக்குள் ஒரு வட்டாரத்தின் பெயராயிற்று. முருகன் கோயில் 1990களில் ஈசூன் தொழிற்பேட்டைப் பகுதிக்கு இடம்பெயர்ந்தது. பங்குனி உத்திரத்திற்கு இன்றும் பக்தர்கள் காவடி ஏந்தி வருகின்றனர். தளத்தின் நினைவைத் தாங்கும் பள்ளிப் பெயரும் ஈசூனில் உள்ளது. தெருப்பெயர்களில் கேன்பராவும் மால்ட்டாவும் ஜிப்ரால்டரும் நிலைத்துவிட்டன.

வகுப்பறையில் ஒரு முயற்சி

சில ஆண்டுகளுக்கு முன் என் மாணவர்களுக்கு ஓர் ஒப்படைப்பு கொடுத்தேன். 'உங்கள் தாத்தா பாட்டி முதலில் எங்கே குடியிருந்தார்கள், என்ன வேலை செய்தார்கள் என்று தமிழில் கேட்டு எழுதி வாருங்கள்' என்பதே அது. ஒரு மாணவி, தன் பாட்டி கம்பத்துக் கிணற்றடியில் சீன அண்டை வீட்டாரிடமிருந்து மலாய் கற்றுக்கொண்ட கதையை எழுதி வந்தாள். மற்றொரு மாணவன் இரண்டே வரிகள் எழுதியிருந்தான்: 'என் தாத்தா நேவல் பேஸில் வேலை செய்தார். என்ன வேலை என்று வீட்டில் யாருக்கும் தெரியவில்லை.'

அவ்விரு வரிகளை நான் இன்றும் மறக்கவில்லை. ஒரு மனிதர் ஆண்டுக்கணக்கில் உழைத்துக் குடும்பத்தை நிலைநிறுத்தியிருக்கிறார். அவ்வுழைப்பின் பெயர்கூட இரண்டு தலைமுறைகளில் அழிந்துவிட்டது.

தளத்தைப் பற்றிய அரசு ஆவணங்கள் ஆங்கிலத்தில் உள்ளன; அவை எங்கும் போய்விடா. தொழிலாளரின் நினைவுகளோ பெரும்பாலும் தமிழில், அவர்தம் நெஞ்சில் உள்ளன. 1971இல் இருபத்தைந்து வயதாயிருந்தவர் இன்று எண்பதை எட்டியிருப்பார். பேரப்பிள்ளைக்குத் தமிழில் கேட்கத் தெரியாவிட்டால் அந்நினைவுகள் சொல்லப்படாமலேயே போய்விடும். தேர்வுக்கு மட்டுமே தமிழ் என்று எண்ணும் பெற்றோர் இதனைச் சற்றே சிந்திக்க வேண்டுகிறேன்.

ஆசிரியர்கள் இதனை வாய்மொழிப் பயிற்சியாகவே நடத்தலாம். முதல் சம்பளம் எவ்வளவு, வேலைக்கு எதில் சென்றீர்கள், கம்பத்தில் தீபாவளி எப்படி இருந்தது, அடுக்குமாடி வீட்டில் முதல் இரவு உறக்கம் வந்ததா என்று கேட்கச் சொல்லுங்கள். பெற்றோர்கள் கைத்தொலைபேசியில் அவ்வுரையாடலைப் பதிவு செய்து, தேதியும் பெயரும் குறித்து வையுங்கள். பழைய பணி அட்டையோ புகைப்படமோ இருந்தால் பின்புறத்தில் விவரம் எழுதி வையுங்கள்.

வரும் விடுமுறையில் இதனைத் தொடங்குங்கள். வீட்டில் முதியவர் இல்லையெனில் அண்டை வீட்டுப் பெரியவரிடம் பிள்ளையை அனுப்பிக் கேட்கச் சொல்லுங்கள். அவர்கள் சொல்லக் காத்திருக்கிறார்கள்.